மக்ரோனிக்கு எதற்கு மூன்று மணி நேரம்?

பொறுத்தார் பூமி ஆள்வார் என்ற பழமொழிக்குப் பிளக்கு வைத்தால் கிடைப்பதுதான் ஸ்லோ குக்கர். காலையில் அதற்குள் போட்ட முரட்டு மாட்டிறைச்சித் துண்டு மாலைக்குள் கரண்டி பட்டதும் பிரிந்து விழும். அந்தக் கருவியோடு எனக்கு எந்தப் பகையும் இல்லை. என் வழக்கெல்லாம் ஒரே ஒரு விஷயத்தைப் பற்றியது: ஒன்றரை, இரண்டு லிட்டர் மட்டுமே கொள்ளும் சின்ன ஸ்லோ குக்கரில் வேகாத மக்ரோனியையும் பாலையும் சீஸையும் ஒன்றாகக் கொட்டி, மூடியைப் போட்டு, இரண்டு மூன்று மணி நேரம் காத்திருக்கச் சொல்கிற அமெரிக்கச் சமையல் குறிப்புகள். கொதிக்கிற தண்ணீரில் ஏழெட்டு நிமிடத்தில் வெந்துவிடுவேன் என்று தன் பாக்கெட்டிலேயே எழுதிக் கொடுத்துவிட்டு வருகிற பண்டம் மக்ரோனி. அதைப் பிடித்து மூன்று மணி நேரம் தவத்துக்கு உட்கார வைப்பானேன்?

இந்தக் கருவி யாருக்காகப் பிறந்தது என்று விசாரித்தாலே வழக்கு பாதி முடிந்துவிடும். சிகாகோவில் இருந்த இர்விங் நாக்ஸன் என்ற பொறியாளர் 1936இல் இதற்குக் காப்புரிமை கேட்டு விண்ணப்பித்தார்; 1940இல் கிடைத்தது. யோசனைக்கு விதை போட்டது அவருடைய அம்மா சொன்ன ஊர்க்கதை. லிதுவேனியாவின் வில்னா நகரத்து யூதர்கள் சாபத் நாளில் அடுப்பு மூட்டக் கூடாது. அதனால் வெள்ளிக்கிழமை பொழுது சாயும் முன்பே பீன்ஸும் இறைச்சியும் போட்ட சட்டியை ரொட்டிக்கடைக்கு எடுத்துக்கொண்டு போவார்கள். அன்றைய வேலை முடிந்து அணைந்துகொண்டிருக்கும் அடுப்பின் மிச்சச் சூட்டில் அது இரவெல்லாம் வேகும். மறுநாள் சோலண்ட் தயார். நாக்ஸன் அந்த ரொட்டிக்கடை அடுப்பைத்தான் மின்சாரத்தில் ஓட விட்டார். பீன்ஸை மனதில் வைத்து ‘நாக்ஸன் பீனரி’ என்று பெயரும் வைத்தார். 1970இல் கான்சாஸ் சிட்டியின் ரைவல் நிறுவனம் அவருடைய தொழிலை வாங்கி, 1971இல் ‘கிராக் பாட்’ என்ற பெயரில் சந்தைக்குக் கொண்டுவந்தது. பெண்கள் பெருமளவில் வேலைக்குப் போகத் தொடங்கியிருந்த காலம். காலையில் போட்டுவிட்டுப் போனால் மாலையில் சாப்பாடு என்ற வாக்குறுதிக்கு அமெரிக்கா மயங்கியதில் ஆச்சரியம் இல்லை. இந்த வம்சாவளியைத் தலைகீழாகப் புரட்டினாலும் மக்ரோனி தட்டுப்படாது. சீக்கிரம் வேகாதவற்றுக்காகவும், வீட்டில் ஆள் இல்லாத நேரத்துக்காகவும் பிறந்த கருவி இது.

மக்ரோனியின் ஜாதகம் இதற்கு நேர் எதிர். 1802இல் ஜனாதிபதி தாமஸ் ஜெஃபர்சனின் விருந்தில் மக்ரோனி பரிமாறப்பட்டதை மனாசே கட்லர் என்ற மாசசூசெட்ஸ் காங்கிரஸ் உறுப்பினர் தன் நாட்குறிப்பில் எழுதி வைத்திருக்கிறார். அவர் அதை ஏதோ வெங்காயச் சமாச்சாரம் என்று நினைத்துக்கொண்டார். பக்கத்தில் இருந்த மெரிவெதர் லூயிஸ், பின்னாளில் பசிபிக் கடற்கரை வரை போய் வந்த அதே லூயிஸ், இதில் வெங்காயமே கிடையாது, இது இத்தாலியப் பண்டம் என்று விளக்க வேண்டியிருந்தது. கட்லருக்கு ருசி பிடிக்கவில்லை. (அமெரிக்காவின் முதல் மக்ரோனி விமர்சகர் என்ற பட்டத்தை அவருக்குக் கொடுக்கலாம்.) அச்சில் வந்த ஆரம்பகால அமெரிக்கக் குறிப்புகளில் ஒன்று 1824இல் மேரி ராண்டால்ஃப் எழுதிய வர்ஜீனியா சமையல் புத்தகத்தில் இருக்கிறது. மக்ரோனியைப் பாலும் தண்ணீருமாக வேகவை, வடிகட்டு, சீஸும் வெண்ணெயும் அடுக்கி ஓவனில் வை என்பதே அந்த அம்மாளின் வழி. முதலில் கொதிக்கும் பாத்திரம், பிறகுதான் மற்றது. இந்த வரிசையைக் கவனியுங்கள். 1937இல் கிராஃப்ட் நிறுவனம் மக்ரோனியையும் சீஸ் தூளையும் ஒரே பெட்டியில் போட்டு 19 சென்டுக்கு விற்றபோது அதன் விளம்பரமே நான்கு பேருக்கு 9 நிமிடத்தில் சாப்பாடு என்பதுதான். பொருளாதார மந்தத்தில் நொந்துபோயிருந்த நாடு அதை அள்ளிக்கொண்டு போனது. ஆக, 9 நிமிடத்தில் முடிந்த வேலையை, நவீன வசதி என்ற பெயரில், 180 நிமிடமாக வளர்த்திருக்கிறோம். இதற்கு முன்னேற்றம் என்று பெயர் சூட்டிய புண்ணியவானைத் தேடிக்கொண்டிருக்கிறேன்.

இந்தச் சம்பந்தத்தில் பொருத்தம் பார்க்கிறவர்கள் இரண்டு பேருக்குமே ‘மிருதுவான சுபாவம்’ என்று எழுதி முடித்துவிடுகிறார்கள். உண்மை வேறு. ஸ்லோ குக்கரில் ‘லோ’ என்றும் ‘ஹை’ என்றும் இருக்கும் பொத்தானைப் பார்த்து, லோ என்றால் இளஞ்சூடு என்றுதான் பலரும் நம்புகிறார்கள். பெரும்பாலான குக்கர்களில் இரண்டுமே கடைசியில் ஏறக்குறைய ஒரே இடத்துக்கு, கொதிநிலைக்கு இரண்டு மூன்று டிகிரி கீழே, 98 டிகிரி செல்சியஸ் பக்கம் போய் நிற்கும். ஒன்று சீக்கிரம் போகும், மற்றது சாவகாசமாகப் போகும், அவ்வளவுதான் வித்தியாசம். கோதுமை மாவின் ஸ்டார்ச்சோ 60 டிகிரி தாண்டியதுமே நீரை இழுத்து உப்பத் தொடங்கிவிடும். அதாவது குக்கர் தன் இலக்கை அடைய இன்னும் வெகுதூரம் இருக்கும்போதே மக்ரோனி வேலையை முடித்துக் கையைத் துடைத்துக்கொண்டிருக்கும். அதற்குப் பிறகு நடப்பது சமையல் அல்ல, குழைவு. மாட்டுத்தசையில் உள்ள கொலாஜன் கரைந்து ஜெலட்டின் ஆவதற்கு மணிக்கணக்கில் சூடு வேண்டும், அங்கே காத்திருப்பதில் லாபம் உண்டு. மக்ரோனிக்குள் கரைவதற்கு அப்படி ஒன்றும் ஒளிந்திருக்கவில்லை.

சீஸின் பாடு இன்னும் மோசம். நன்றாக முதிர்ந்த செடார் சீஸை நீண்ட நேரம் சூட்டில் வைத்தால் அதன் புரதங்கள் சுருங்கி ஒன்றையொன்று கட்டிப்பிடித்துக்கொள்ளும். நடுவில் இருந்த கொழுப்பைப் பிழிந்து வெளியே தள்ளிவிடும். மூடியைத் திறந்தால் மேலே மஞ்சள் எண்ணெய் குளமாக நிற்கும், கீழே திரிதிரியாக ஏதோ கிடக்கும். இதைத் தடுக்கத்தான் இந்தக் குறிப்புகள் எல்லாம் டின்னில் வரும் சுண்டக்காய்ச்சிய பாலையும் பதப்படுத்திய சீஸையும் சேர்க்கச் சொல்கின்றன. அதில் தப்பில்லை. 1911இல் சுவிட்சர்லாந்தின் தூன் நகரில் வால்டர் கெர்பரும் ஃபிரிட்ஸ் ஸ்டெட்லரும் சோடியம் சிட்ரேட் உப்பைச் சேர்த்து, உருகினாலும் பிரியாத சீஸைச் செய்து காட்டினார்கள். அந்த உப்பு சீஸுக்குள் இருக்கும் கால்சியத்தைத் தன் பக்கம் இழுத்துக்கொள்வதால் புரதம் இளகி, கொழுப்பையும் நீரையும் சேர்த்துப் பிடித்துக்கொள்கிறது. பதப்படுத்திய சீஸைப் பார்த்து முகம் சுளிக்கும் கனவான்கள் இந்த ஒரு பாத்திரத்தின் முன்னால் மட்டும் மூக்கைக் கொஞ்சம் கீழே இறக்கலாம். ஆனால் என் கேள்வி வேறு: உடையாத பாலையும் பிரியாத சீஸையும் தேடிப் பிடித்து, உள்ளே போகிற ஒவ்வொன்றையும் அந்தக் கருவியிடமிருந்தே காப்பாற்ற வேண்டியிருக்கிறது என்றால், கருவி எந்தப் பக்கம் நிற்கிறது?

சின்ன ஸ்லோ குக்கரில் நிலைமை இன்னும் தீவிரம். ஆறு குவார்ட், அதாவது ஐந்தரை லிட்டருக்கு மேல் கொள்ளும் பெரிய சட்டிக்கு எழுதிய குறிப்பில் அளவை மூன்றில் ஒன்றாக்கினால் போதும் என்று நினைப்பது இயல்பு. நேரம் அப்படிக் கணக்குக்குக் கட்டுப்படாது. பாத்திரம் சிறுக்கச் சிறுக்க உள்ளே இருக்கும் பண்டம் வேகமாகக் குறையும். அதைச் சுற்றியிருக்கும் சுவர் அவ்வளவு வேகமாகக் குறையாது. கையளவு மக்ரோனிக்கு எப்பக்கமும் சுவர். பெரும்பாலான ஸ்லோ குக்கர்களில் சூடேற்றும் கம்பி அடியில் இல்லை, சுற்றுச்சுவருக்குள் இருக்கிறது. தலைமுறை தலைமுறையாக அடிப்பிடிப்பதற்குப் பயந்து வந்த சமையல் உலகத்துக்கு இது புதுச் சங்கடம்: இங்கே பக்கம் பிடிக்கும். சுவரை ஒட்டி ஒரு விரல் அகலத்துக்குப் பழுப்பு வளையம், கடித்தால் பல்லுக்கு வேலை, நடுவில் கஞ்சி. ஒரே சட்டியில் வறுவலும் கூழும். போதாததற்கு மிகச் சிறிய மாடல்கள் சிலவற்றில் பொத்தானே கிடையாது. பிளக்கைச் செருகினால் சூடு, பிடுங்கினால் ஓய்வு. நடுவில் பேச்சுவார்த்தைக்கு இடமில்லை.

பக்கம் பிடிக்காமல் இருக்க என்ன வழி? அரை மணிக்கு ஒருமுறை மூடியைத் திறந்து கிளறு என்கிறது சமையல் குறிப்பு. திறக்கவே திறக்காதே, திறந்தால் சூடு ஓடிப்போய்விடும், திரும்பி வர வெகுநேரம் ஆகும் என்கிறது குக்கரோடு வரும் கையேடு. இரண்டையும் மதிக்கிற ஒழுங்கான மனிதர் சமையலறை நடுவில் கரண்டியோடு சிலையாக நிற்க வேண்டியதுதான். கையேட்டை மீறிக் கிளறினாலோ, போட்டுவிட்டு வெளியே போகலாம் என்ற அந்த ஒரே வரமும் போய்விடுகிறது. மூன்று மணி நேரம் வீட்டிலேயே இருந்து, அரை மணிக்கொருமுறை எழுந்து வந்து பார்க்க வேண்டிய பாத்திரத்துக்கு, ஓய்வு தரும் கருவி என்று பெயர்.

மறுப்புகள் வரும் என்று தெரியும். முதல் மறுப்பு நியாயமானது: வேகாத மக்ரோனியைப் பாலிலேயே வேகவிட்டால் அதன் ஸ்டார்ச் வடிகட்டிய தண்ணீரோடு சாக்கடைக்குப் போகாமல் சாஸுக்குள்ளேயே தங்கும், தனியாக மாவை வெண்ணெயில் வறுத்துச் சேர்க்காமலே கெட்டியாகும். முழுக்கச் சரி. ஆனால் அந்தப் புகழ் முறைக்குச் சேர வேண்டியது, கருவிக்கு அல்ல. சாதாரண வாணலியில் மக்ரோனி மூழ்குமளவுக்குப் பாலும் தண்ணீரும் ஊற்றிக் கிளறிக்கொண்டே வேகவைத்து, நெருப்பை அணைத்த பிறகு சீஸைத் தூவினால் கால் மணி நேரத்துக்குள் அதே கெட்டி, அதே வழவழப்பு. சீஸும் கொதிசூட்டைப் பார்க்காததால் பிரியாது. இரண்டாவது மறுப்பு, கழுவ ஒரே பாத்திரம்தான் என்பது. உண்மைதான், ஆனால் அந்த ஒன்றின் சுவரில் காய்ந்து இறுகிய சீஸ் வளையத்தை எதிர்கொண்டவர்கள் இதைப் பெருமையாகச் சொல்வதில்லை. மூன்றாவது, குழந்தைகளுக்குக் குழைந்ததுதான் பிடிக்கும் என்பது. இதற்கு என்னிடம் பதில் இல்லை. குழந்தைகளின் ருசியோடு வாதாடி ஜெயித்தவர் யாரும் சரித்திரத்தில் இல்லை. வெயில் கொளுத்தும் கோடையில் ஓவனைப் பற்றவைத்து வீட்டை உலையாக்க வேண்டாமே என்பதும் ஒப்புக்கொள்ள வேண்டியதே. ஆனால் அடுப்பில் கால் மணி நேரம் வைப்பதால் வீடு உலையாகாது.

இன்னொரு கூட்டம் சோலண்டைக் காட்டி, பீன்ஸை மட்டும் அப்படியே போடலாமா என்று மடக்கப் பார்க்கும். எல்லா பீன்ஸையும் போட முடியாது. சிவப்பு ராஜ்மாவில் இருக்கும் ஒரு லெக்டின் நச்சு மந்தமான சூட்டில் அழியாது. ஊறவைத்த தண்ணீரைக் கொட்டிவிட்டு, நல்ல தண்ணீரில் தளதளவென்று கொதிக்கவைத்த பிறகே ஸ்லோ குக்கருக்குள் அனுப்ப வேண்டும். பீன்ஸுக்காகவே பிறந்த கருவிக்கே சில பீன்ஸ் முன்கூட்டியே கொதித்து வர வேண்டும் என்றால், மக்ரோனியைக் கொதிக்கவைத்துக் கொண்டுவா என்று நான் கேட்பது அவ்வளவு பெரிய அராஜகமா?

அப்படியானால் அந்தச் சின்ன ஸ்லோ குக்கரைப் பரணில் போடுவதா? கூடாது. நவம்பர் மாதத்து நான்காவது வியாழன், நன்றி நவிலும் நாள் அன்று ஓர் அமெரிக்கச் சமையலறையை நினைத்துப் பாருங்கள். ஓவனை வான்கோழி மணிக்கணக்கில் குத்தகைக்கு எடுத்திருக்கும். அடுப்பின் நான்கு பர்னர்களிலும் ஏதோ ஒன்று. சாப்பிடுகிறவர்கள் ஒரே நேரத்தில் வந்து உட்காரவும் மாட்டார்கள். ஆறின சீஸ் கட்டிதட்டி மக்ரோனியைப் பாறையாக்கிவிடும். இங்கேதான் கருவிக்குத் தகுந்த வேலை காத்திருக்கிறது: அடுப்பில் கால் மணியில் முடித்த மக்ரோனியைச் சற்று இளக்கமாகவே எடுத்து, முன்பே சூடேற்றிய சின்னச் சட்டிக்குள் மாற்றி, ‘வார்ம்’ என்ற பொத்தானைத் திருப்பிவிட்டால் போதும். சூடு 60 டிகிரிக்குக் கீழே போகாமல் இருந்தால் உணவுப் பாதுகாப்புக்காரர்களுக்கும் ஆட்சேபம் இல்லை. ஆறிப்போனதைத் திரும்பச் சூடாக்க மட்டும் இதை நம்பக் கூடாது, அதற்கு அது மிக மெதுவான கருவி என்று அமெரிக்க வேளாண்மைத் துறையே சொல்கிறது. அமெரிக்கத் தென்மாநிலங்களின் கறுப்பினக் குடும்பங்கள் அன்றைய மேஜையில் எதிர்பார்க்கும், மேலே பொன்னிறமாக மொறுமொறுத்த ஓவன் மக்ரோனிக்கு இது மாற்று ஆகாது. நீராவி சொட்டும் மூடிக்குக் கீழே எதுவும் மொறுமொறுக்காது. அந்த வீடுகளில் இந்தச் சட்டியை வெளியே எடுப்பதற்கு முன் பெரியவர்களிடம் அனுமதி வாங்கிக்கொள்வது உடம்புக்கு நல்லது. மற்ற வீடுகளில், ஸ்லோ குக்கரில் செய்ததா என்று யாராவது வியந்து கேட்டால், அதிலிருந்துதானே எடுத்துப் போட்டேன் என்று சொல்லிவிட்டு அடுத்த தட்டைப் பார்க்கலாம்.