கணக்கு யாருக்காக?

கேள்வி: முதலீட்டு வங்கியில் வேலை பார்த்த மக்ரோன் 2017-இல் பிரான்ஸ் அதிபரானார். தொழில், வியாபாரம் என்று இருந்தவர்கள் அரசியலுக்கு வந்தால் லாப நஷ்டக் கணக்குத்தானே பார்ப்பார்கள்?
- அடையாறு வாசகர்

பதில்: தாராளமாகப் பார்க்கட்டும்! யாருடைய லாபம் என்பதில்தான் விஷயமே இருக்கிறது. நீங்கள் ஜவுளி வாங்கப் போகும் தி.நகருக்குப் பெயர் தந்த சர் பிட்டி தியாகராயரும் நெசவுத் தொழில் நடத்தியவர்தான். 1916-இல் டி.எம். நாயர், நடேசனாருடன் சேர்ந்து நீதிக்கட்சிக்கு வித்திட்டார். 1920 தேர்தலில் கட்சி வென்றதும், ஆளுநர் வில்லிங்டன் ஆட்சியமைக்க அவரைத்தான் அழைத்தார். வேண்டாம் என்றார், சுப்பராயலு ரெட்டியார் முதல்வரானார்.

தேடி வந்த பதவியை விட்டவர், மாநகராட்சித் தலைவராக எதை விடவில்லை தெரியுமா? ஆயிரம் விளக்கு மாநகராட்சிப் பள்ளிப் பிள்ளைகளின் மதியச் சாப்பாட்டை. 1920-இல் தீர்மானம் நிறைவேறியது: ஒரு பிள்ளைக்கு நாளொன்றுக்கு ஓரணாவுக்கு மிகாத செலவு. அணா பைசா கணக்குத்தான். ஆனால் பசித்த பிள்ளைக்காகப் போட்ட கணக்கு! பின்னாளில் தமிழகமே பின்பற்றிய பாதைக்கு அது முன்னோடி.

முதலாளியா என்று பார்த்து ஓட்டுப் போடாதீர்கள். அவர் கணக்கில் வரவு யாருக்கு என்று பார்த்துப் போடுங்கள்.