பெரிய ஆள் பேர் சொல்லுதல்: மலையகத்தை முன்வைத்து ஓர் ஆய்வு

பெரிய மனிதர் பேரைத் தன் பேச்சில் நுழைத்துவிடும் கலை எங்கும் உள்ளதே. ஆயினும் இலங்கை மலையகத்தின் ஹட்டன், நுவரெலியா தேயிலைத் தோட்டங்களில் அது அடைந்துள்ள செழுமை தனி ஆய்வுக்குரியது.

ஆதியில் பெரிய கங்காணி யுகம். 'இன்ன கங்காணியின் ஆள்' என்பதே ஒருவரின் அடையாளம். கடன் விவரம் எழுதிய துண்டு கையில் இருந்தால்தான் தோட்டம் மாறலாம். துண்டு முறை 1921இல் ஒழிந்தது. 'நீ யாருடைய ஆள்?' என்ற கேள்வி ஒழியவில்லை. அடுத்தது தோட்டத் துரை யுகம். அதன்பின் வரவேண்டிய அமைச்சர் யுகம் தாமதித்தது. 1947இல் சௌமியமூர்த்தி தொண்டமான் நுவரெலியாவிலிருந்து பாராளுமன்றம் போனார். மறு ஆண்டே பிரஜாவுரிமைச் சட்டம் வந்து மலையகத் தமிழரில் பெரும்பாலோரை நாடற்றவராக்கியது. தொண்டமான் அமைச்சரானது 1978இல். இடைப்பட்ட முப்பது ஆண்டுகளும் சொல்லிக்கொள்ள அமைச்சர் பேர் இல்லாமல், கிளாக்கர் ஐயா பேரை வைத்தே சமாளித்திருக்கிறார்கள். இத்தியாகம் எந்த வரலாற்று நூலிலும் ஏறவில்லை.

இனி விதி. பெரியவருக்கும் பேர் சொல்பவருக்கும் இடைவெளி கூடக் கூட உறவுமுறை நெருங்கும். உண்மையில் பழக்கமுள்ளவர் 'மினிஸ்டர் ஐயா' என்பார். கூட்டத்தில் பொன்னாடை போர்த்தியவருக்கு அவர் 'தலைவர்'. அவருடைய டிரைவரோடு ஒருமுறை பிளேன்டீ குடித்தவருக்கோ 'நம்ம அண்ணன்'.

கருவி, கைத்தொலைபேசி. ஹட்டன் தேநீர்க் கடையில் மேசைமேல் அது மல்லாந்து கிடக்கும். மணி அடித்ததும் திரையில் 'ஐயா பி.ஏ.' என்று மின்னும். மேசையிலுள்ள எல்லோரும் எழுத்துக்கூட்டி வாசித்து முடிக்கும்வரை உரியவர் எடுப்பதில்லை. எடுத்தபின், "கோழித் தீவனம் வாங்கியாச்சா?" என்று ஒரு பெண் குரல் கேட்பது ஆய்வின் எல்லைக்கு அப்பாற்பட்டது.

திருவிழா நோட்டீசில் யார் பேர் மேலே, யார் பேர் பெரிய எழுத்தில் என்ற துறைக்குள் நுழையமாட்டேன். கோயில் கமிட்டிகள் உடைந்த இடம் அது.

காரணம் தேடினால் சிரிப்பு கொஞ்சம் குறைகிறது. தொழிலாளர் வசிக்கும் பல லயக் காம்பிராக்களுக்குத் தனி முகவரி கிடையாது. தபால் தோட்ட ஆபீசுக்கு வந்து கைமாறிக் கைமாறித்தான் லயத்துக்குச் சேரும். நேர்முகப் பரீட்சைக் கடிதம் திகதி தாண்டி வருவதும் உண்டு. வாசல் இலக்கம் இல்லாதவன் அடுத்தவர் பேரை வாசலாக்கிக்கொள்வதில் குற்றம் காண மாட்டேன். டவுனில் மாடிவீடு கட்டிய பிறகும் அதே பேரைச் சொல்பவரைத்தான் ஆய்வுக்கூடத்தில் வைத்துப் பார்க்க வேண்டும்.

விதிவிலக்கு ஒன்றே: ஹட்டன் பஸ் கண்டக்டர். எந்தப் பேரைச் சொன்னாலும் மீதிக் காசு இறங்கும்போதுதான்.