ரைட் கொடுக்காத கண்டக்டர்

கிராண்ட் கேன்யன்,
மார்ச் மாதக் குளிரில் ஒரு காலை

அன்புள்ள சித்தப்பாவுக்கு,

சித்தியின் முழங்கால் வலி எப்படி இருக்கிறது? நாங்கள் நால்வரும் உயிரோடு இருக்கிறோம். இதை ஏன் முதலில் எழுதுகிறேன் என்பது போகப்போகப் புரியும்.

அரிசோனா என்றால் கோவில்பட்டிக்கு அண்ணன், அவ்வளவு வெயில் என்று போனில் சொல்லியிருக்கிறேன் அல்லவா? அது நாங்கள் இருக்கும் சாண்ட்லர் பக்கம். பிள்ளைகளுக்கு லீவு விட்டதும் ஒரு வீட்டு வண்டியை வாடகைக்கு எடுத்துக்கொண்டு வடக்கே கிளம்பினோம். உள்ளே கட்டில், அடுப்பு, கக்கூஸ் எல்லாம் உண்டு. உங்கள் மருமகள் மட்டும் நம்பிக்கையில்லாமல் ஒரு தூக்குவாளி நிறைய தோசைமாவும் ஆட்டி எடுத்துக்கொண்டாள். பள்ளத்தாக்கின் தெற்கு விளிம்பு ஏறக்குறைய 7,000 அடி, நம் கொடைக்கானல் உயரம். கொடைக்கானலுக்கு ஒரு சால்வை போதும். இங்கே ராத்திரி மைனஸ் 8 டிகிரி.

வண்டியில் கேஸ் ஹீட்டர் இருக்கிறது. சுவரில் உள்ள தெர்மோஸ்டாட்டைத் திருகினேன். உள்ளே ஃபேன் ஓடியது, 'டிக் டிக்' என்று பொறி தட்டியது, அவ்வளவுதான். மூன்று தடவை முயன்றுவிட்டு, கோபித்துக்கொண்ட மாப்பிள்ளை மாதிரி வாயை மூடிக்கொண்டது. குளிரில் கேஸ் உறைந்துவிட்டது என்று முடிவு கட்டி, சிலிண்டருக்குப் போர்வை போர்த்தலாம் என்று வெளியே போனேன். அதுவும் என் போர்வையை.

பக்கத்து வண்டியில் ஒரு வெள்ளைக்காரத் தாத்தா. சிலிண்டருக்கு நான் போர்வை போர்த்துவதைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, சிரிப்பை அடக்கிக்கொண்டு வந்தார். நம் வீட்டு சிலிண்டரில் இருப்பது புரொப்பேனும் பியூட்டேனும் கலந்தது. பியூட்டேன் பூஜ்யம் டிகிரிக்குப் பக்கத்திலேயே ஆவியாக மறுத்துவிடும். இங்கே இருப்பது புரொப்பேன், மைனஸ் 42 வரை அசராது. "போர்வை உனக்குத்தான் தேவை" என்றார். பிறகு அவர் கேட்ட ஒரே கேள்வி: "அடுப்பைப் பற்றவைத்துப் பார்த்தாயா?"

பார்க்கவில்லை. சிலிண்டரை மூடி வைத்திருந்தால் குழாயில் காற்று புகுந்துவிடுமாம். அதை ஹீட்டர் தன் மூன்று வாய்ப்பில் வெளியேற்ற முடியாது. முதலில் அடுப்பைப் பற்றவைத்து, ஜுவாலை நின்று எரியும்வரை விட வேண்டும். சிலிண்டர் வால்வையும் மெதுவாகத் திறக்க வேண்டும். என்னைப் போல வெடுக்கென்று திறந்தால், எங்கோ குழாய் அறுந்துவிட்டது என்று நினைத்து அதுவே கேஸ் வருவதை அடைத்துக்கொள்ளும். எல்லாம் செய்து, தெர்மோஸ்டாட்டை அணைத்து மறுபடி போட்டோம். 'குபுக்'. சித்தப்பா, பிள்ளைகள் கை தட்டினார்கள்! உங்கள் மருமகள் உடனே மாவுத் தூக்கைத் தரையில் வெங்காற்று வரும் துவாரத்தின் ஓரமாக வைத்தாள். புளிக்க வேண்டுமாம்.

ராத்திரி மூன்று மணிக்கு மூக்கு நுனி மரத்து விழித்தேன். ஃபேன் சுற்றுகிறது, வருவது குளிர்ந்த காற்று. பொறி தட்டும் சத்தம்கூட இல்லை.

இந்த இடம் உங்களுக்கு நன்றாகப் புரியும். நீங்கள் விசில் கொடுக்காமல் எந்த டிரைவராவது பஸ்ஸை எடுத்திருக்கிறாரா? இந்த ஹீட்டருக்குள்ளும் உங்களைப் போல ஒரு கண்டக்டர் இருக்கிறார். சின்னத் தகடு. ஃபேன் காற்று வேகமாக வந்து அதைத் தள்ளினால்தான் 'ரைட்' கிடைக்கும், கேஸ் வால்வு திறக்கும். காற்று ஓடாமல் நெருப்பு மட்டும் எரிந்தால் ஆபத்து அல்லவா, அதற்காக. ஃபேன் ஓடுவது பாட்டரியில். பாட்டரியோ, பிள்ளைகள் பார்த்த படங்களுக்கும் மூன்று போன்களுக்கும் பிறகு 10.5 வோல்ட்டில் கிடந்தது. ஃபேன் சோம்பலாகச் சுற்ற, கண்டக்டர் அசையவே இல்லை. டிக்கெட் வாங்காத ஆள் இறங்கும்வரை நீங்கள் பஸ்ஸை நகரவிடாததுதான் ஞாபகம் வந்தது. அன்றைக்கு உங்களைத் திட்டிய பயணிகளோடு இப்போது நானும் சேர்ந்துகொண்டேன்.

அடுப்பைப் பற்றவைத்துக் குளிர் காயலாமா என்றேன். முந்தின மாலையே தாத்தா விரல் நீட்டி எச்சரித்திருந்தார்: ஹீட்டரின் புகை தனிக் குழாயில் வெளியே போய்விடும், அடுப்பின் புகை நம்மோடுதான் தங்கும், மூடிய வண்டிக்குள் கார்பன் மோனாக்சைடு ஆளையே தூக்கிவிடும். ஜெனரேட்டரை ஓட்டலாம் என்றால், இரவில் சத்தம் கூடாது என்பது இங்கே சட்டம். ஆகவே நால்வரும் ஒரே கட்டிலில், சிலிண்டரிடமிருந்து மீட்ட போர்வை உட்பட இருந்த துணியெல்லாம் மேலே போட்டுக்கொண்டு, விடியும்வரை ஒருவர் காலை ஒருவர் உதைத்துக்கொண்டு கிடந்தோம்.

காலையில் அனுமதி நேரம் வந்ததும் ஜெனரேட்டரைப் போட்டேன். கொஞ்ச நேரத்தில் ஃபேன் உறுமியது, கண்டக்டர் ரைட் கொடுத்தார், 'குபுக்'. கூடவே வண்டி முழுக்க ஒரு வாசனை. பழக்கமான வாசனை. துவாரத்தை எட்டிப் பார்த்தேன். ஹீட்டர் ஓடிய அந்தச் சில மணி நேரத்தில் மாவு பிரமாதமாகப் பொங்கி, தூக்கின் மூடியைத் தள்ளிக்கொண்டு, பாதி குழாய்க்குள் இறங்கியிருக்கிறது. இப்போது அது உள்ளே வெந்துகொண்டிருக்கிறது.

மீதி மாவில் தாத்தாவுக்கு நான்கு தோசை போனது. வண்டியை நாளை மறுநாள் திருப்பிக் கொடுக்க வேண்டும். வெந்த மாவை உலோகக் குழாயிலிருந்து எப்படிச் சுரண்டுவது என்று சித்தியிடம் கேட்டு உடனே வாட்ஸ்அப்பில் சொல்லவும்.

உங்கள் அன்புள்ள,
பெரியவன்