தலைவலி தந்த டாக்டர்

ஸ்காட்லாந்து கால்பந்தின் கடைசி டிவிஷனில் கோல் அடித்தே வாழ்க்கையை ஓட்டிவிட முடியுமா, சார்?

கஷ்டம்தான். கென்னி டியூகரிடம் கைவசம் மருத்துவப் பட்டமும் இருந்தது! எதிரணித் தடுப்பாட்டக்காரர்களுக்குத் தலைவலி கொடுத்துவிட்டு, மாத்திரையும் எழுதித் தரத் தகுதியுள்ள ஒரே ஆசாமி.

2004-05 பருவத்தில் கிரெட்னா அணிக்காக அவர் அடித்த ஹாட்ரிக்குகள் 6. ஜிம்மி கிரீவ்ஸ் 1960-61ல் தொட்ட எண்ணிக்கை அது. கிரீவ்ஸ் அடித்தது இங்கிலாந்தின் முதல் டிவிஷனில், டாக்டர் அடித்தது ஸ்காட்லாந்தின் நான்காம் அடுக்கில் என்று முணுமுணுப்பவர்கள் உண்டு. முணுமுணுக்கட்டும். அந்தப் பருவத்தில் 36 லீக் ஆட்டங்களில் அணி குவித்தவை 130 கோல். அன்றைய ஸ்கை ஸ்போர்ட்ஸ் தொகுப்பாளர் ஜெஃப் ஸ்டெல்லிங் ஸ்கோர் வாசிக்கும்போதெல்லாம் ‘நல்ல டாக்டர்’ என்று குதூகலிப்பார்.

அப்பேர்ப்பட்ட கிரெட்னா இப்போது எங்கே?

வீட்டுக்குத் தெரியாமல் ஓடிவரும் காதலர்கள் கல்யாணம் செய்துகொள்ளும் ஊர் என்று பேரெடுத்தது கிரெட்னா கிரீன். பக்கத்திலிருக்கும் கிரெட்னாவில் சுமார் 3,000 பேர். அந்த ஊர் அணிக்குப் பணத்தைக் கொட்டியவர் புரூக்ஸ் மைல்சன். 2006ல் ஸ்காட்டிஷ் கோப்பை இறுதிப்போட்டி. ஹார்ட்ஸிடம் பெனால்டியில்தான் தோல்வி. 2007ல் ஸ்காட்டிஷ் பிரீமியர் லீக்!

2008ல் மைல்சன் உடல்நலம் குன்றினார், பண வரத்து நின்றது, கிளப் கலைந்தது. டாக்டர் அதற்குள் அமெரிக்காவின் ரியல் சால்ட் லேக் அணியில்.

ரசிகர்கள் அதே ஆண்டு புதிய கிளப்பைத் தொடங்கினார்கள். பெயர் ‘கிரெட்னா 2008’. பிறப்புச் சான்றிதழ் செலவு மிச்சம்.