இடிந்து விழுந்தபின் விண்ணப்பிக்கும் படிவம் கோரி

பெறுநர்: புதுச்சேரியின் பழங்கட்டடங்களைக் காக்கும் பொறுப்பிலுள்ள சகல அலுவலகங்களும்

ஐயா, அம்மா,

கடற்கரைச் சாலை மேரி கட்டடத்தைத் தாங்கள் காப்பாற்றிய விதத்தை எத்தனை பாராட்டினாலும் தகும். பிரெஞ்சுக்காரர் காலத்து நகர மன்றம். அது நலிந்து நிற்பது ஊருக்கே தெரிந்தும் தாங்கள் பதறவில்லை; பொறுமை காத்தீர்கள். 2014 நவம்பர் 29 அன்று பெய்த மழையில் அதுவாகவே சரிந்தது. அப்புறம் ஏறத்தாழ 15 கோடி ரூபாய், அதே முகப்பு, 2021 பிப்ரவரியில் பிரதமர் கையால் திறப்பு விழா! பணம் வந்தது உலக வங்கி உதவிய கடலோரப் பேரிடர் அபாயக் குறைப்புத் திட்டத்திலிருந்து. பேரிடர் மழையா, அலுவலகமா என்று கேட்கும் குறும்பர்களைப் பொருட்படுத்த வேண்டாம்.

பிரெஞ்சுப் பகுதியான ஒயிட் டவுனையும் தமிழ்ப் பகுதியையும் பிரிக்கும் வாய்க்காலுக்கு மேற்கே எங்களுக்கு அந்த ராசி இல்லை. ஒயிட் டவுனில் சுவருக்கு மஞ்சள் பூசினால் போதும், கல்யாண ஜோடிகள் போட்டோ எடுக்க வந்துவிடுகிறார்கள். எங்கள் பக்கத்து வீடுகளில் தெருவோரம் மரத்தூண் நட்டு ஓடு வேய்ந்த தாழ்வாரம். முன்பின் தெரியாதவன் வெயிலுக்கு ஒதுங்க வீட்டுக்காரர் தன் காசில் கட்டியது. அதைத் தாண்டித் திண்ணை, முற்றம். சில வீடுகள் கீழே தமிழ், மாடியில் பிரெஞ்சு. பிரெஞ்சு ஆளுநர் துய்ப்ளேவின் துபாஷாக, அதாவது மொழிபெயர்ப்பாளராக, இருந்த ஆனந்தரங்கப் பிள்ளையின் மாளிகை அதற்கு மூத்த சாட்சி. வைசியாள் வீதியில் ஒரு வரிசைத் தாழ்வாரங்களை மீட்டதற்கு 2008இல் யுனெஸ்கோ விருதே கிடைத்தது. அத்தோடு மனம் நிறைந்துவிட்டது போலும். மற்ற தெருக்களில் தாழ்வாரம் இருந்த இடத்தில் ரோலிங் ஷட்டர், அதன் முன்னால் பைக்.

ஒரு சந்தேகம். எங்கள் வீடு விழுந்தால் மேரியைப் போல அச்சு அசலாகக் கட்டித் தருவீர்களா, இல்லை, நாலு மாடி லாட்ஜுக்குத்தான் அனுமதியா? கட்டித் தருவதாக இருந்தால், தங்கள் துறையின் சம்பளமில்லாப் பொறியாளரான வடகிழக்குப் பருவமழையிடம் கலந்து பேசி, எந்த ஐப்பசியில் எந்தத் தெரு என்று ஒரு பட்டியல் ஒட்டிவிடுங்கள். பாத்திர பண்டங்களை எடுத்து வைத்துக்கொள்வோம்.

படிவத்தையும் முன்கூட்டியே அனுப்பவும். ஆனால் வீட்டு முகவரிக்கு வேண்டாம்.

இப்படிக்கு,
வாய்க்காலுக்கு மேற்கே குடியிருப்பவன்