மேலே சாத்துக்குடி, கீழே யார்?

கேள்வி: ஆசையாக வாங்கிய ஒட்டுச் சாத்துக்குடி இப்போதுதான் காய்த்தது. முரட்டுத் தோல், கண்ணைச் சுருக்கும் புளிப்பு. நர்சரிக்காரர் ஏமாற்றிவிட்டாரா?
(தாம்பரம் வாசகர்)

பதில்: சண்டைக்குக் கிளம்புமுன் மரத்தடியில் கொஞ்சம் குனியுங்கள். தரையிலிருந்து ஒரு சாண் உயரத்தில் தண்டில் தடிப்போ வளைவோ தெரியும். அதுதான் ஒட்டு. அதற்கு மேலே இருப்பதுதான் நீங்கள் காசு கொடுத்த சாத்துக்குடி. கீழே இருப்பவர் பெரும்பாலும் ஜம்பேரி என்ற முரட்டு எலுமிச்சை, இல்லையென்றால் ரங்பூர் எலுமிச்சை. வேர் பலத்துக்காக வேலைக்கு வைத்த ஆள். அவர் ஒட்டுக்குக் கீழே துளிர் விட்டிருப்பார், நீங்களும் "என்ன செழிப்பு!" என்று தண்ணீர் ஊற்றியிருப்பீர்கள். வேரும் தன்னுடையது, கிளையும் தன்னுடையது என்றான பிறகு மேலே இருப்பவருக்கு யார் சோறு போடுவார்கள்? சாத்துக்குடிக் கிளை ஒன்றாவது உயிரோடிருந்தால், கீழ்க்கிளைகளை அடியோடு வெட்டுங்கள். இனிமேல் துளிர்ப்பதை இளசிலேயே கிள்ளிவிடுங்கள்.

கேள்வி: வீட்டில் நானே எலுமிச்சைக்கு ஒட்டுக் கட்டலாமா?
(சங்கரன்கோவில் வாசகி)

பதில்: கட்டலாம். ஆனால் எதற்கு? எலுமிச்சை விதை ஒன்றைப் போட்டால் பல சமயம் இரண்டு மூன்று கன்றுகள் முளைக்கும். அவற்றில் பெரும்பாலானவை மகரந்தக் கலப்பில்லாமல் தாயின் திசுவிலிருந்தே வந்தவை. தாயின் அச்சு அசல். நல்ல மரத்துப் பழத்தின் விதையைக் காயவிடாமல் விதைத்து, நோஞ்சானையும் மாறுபட்டதையும் பிடுங்கி எறிந்தால் போதும். முள் அதிகமாக இருக்கும், காய்க்க ஐந்தாறு வருடம் ஆகும். அவ்வளவு பொறுமை இல்லாதவர்களுக்கு, மரத்திலிருக்கும் கிளையிலேயே வேர்விடச் செய்யும் விண்பதியன் இருக்கிறது. ஒட்டுக் கத்தியைச் சாத்துக்குடிக்கு எடுங்கள்.

கேள்வி: சரி, எடுத்துவிட்டேன். எப்படிக் கட்டுவது?
(அதே வாசகி, அடுத்த கடிதத்தில்)

பதில்: பென்சில் கனமுள்ள ஜம்பேரிக் கன்று வேண்டும். பட்டை சுலபமாகக் கழலும் பருவமாகவும் இருக்க வேண்டும். கழலவில்லை என்றால் தண்ணீர் விட்டுச் சில நாள் காத்திருங்கள். ஒரு சாண் உயரத்தில், ஆங்கில 'டி' வடிவில் பட்டையை மட்டும் கீறுங்கள். சாத்துக்குடியில் முற்றிய, உருண்ட குச்சியாகத் தேர்ந்தெடுத்து, இலையை நறுக்கிக் காம்பை மட்டும் விடுங்கள். காம்புக்கு மேலே உட்கார்ந்திருக்கும் மொட்டை ஒரு அங்குல நீளப் பட்டையோடு சீவி, கீறலுக்குள் செருகுங்கள். தலைகீழாகச் செருகிவிட்டுச் செடியைத் திட்டுபவர்கள் உண்டு. பிளாஸ்டிக் நாடாவைக் கீழிருந்து மேலாகச் சுற்றினால் மழைநீர் உள்ளே இறங்காது.

மூன்று வாரம் அவிழ்த்துப் பார்க்காதீர்கள். (இதுதான் கஷ்டம்.) பிறகு காம்பை விரலால் தொடுங்கள். பட்டென்று உதிர்ந்து, மொட்டு பச்சையாக இருந்தால் ஒட்டிக்கொண்டது. காய்ந்து இறுகிப் பிடித்திருந்தால் போச்சு. தண்டின் மறுபக்கம் இருக்கிறது, மறுபடி கட்டுங்கள்.

கேள்வி: ஒரே மரத்தில் எலுமிச்சை, ஆரஞ்சு, சாத்துக்குடி எல்லாம் காய்க்குமா? ருசி கலந்துவிடாதா?
(கோவை வாசகர்)

பதில்: காய்க்கும். ருசி கலக்காது, அவரவர் கிளை அவரவர் பழம். சண்டை இடத்துக்குத்தான்: எலுமிச்சை வேகமாக ஓங்கி மற்றவர்களை நிழலில் தள்ளிவிடும், அதை அடிக்கடி வெட்டி அடக்க வேண்டும். விதிவிலக்கு ஒன்று சொல்கிறேன். 1644இல் இத்தாலியின் புளோரன்ஸ் நகரில் ஒட்டுப்போட்ட இடத்திலிருந்து ஒரு விநோதக் கிளை புறப்பட்டது. ஒரே பழத்தில் பாதி கடாரங்காய் வகை, பாதி கசப்பு ஆரஞ்சு வகை. 'பிசாரியா' என்று பெயர் வைத்தார்கள். அங்கும் கலப்பு நடக்கவில்லை. இரண்டு மரங்களின் திசுக்கள் ஒரே தோலுக்குள் பக்கம் பக்கமாகக் குடியிருந்தன.

கேள்வி: பக்கத்து வீட்டுச் சாத்துக்குடி நன்றாகக் காய்க்கிறது. ராத்திரி ஒரு குச்சி...?
(ஊர் பெயர் வேண்டாம் என்கிறார்)

பதில்: பகலிலேயே கேளுங்கள், கொடுப்பார்கள். பகலில் இலையையும் பார்க்க முடியும். திட்டுத் திட்டாக மஞ்சள் ஓடியிருந்தாலோ, பழம் கோணலாக இருந்தாலோ தொடாதீர்கள். பசுமையாக்கல் நோயாக இருக்கலாம். ஒட்டுமொட்டோடு அது உங்கள் வீட்டுக்கும் குடிவரும். டிரிஸ்டீசா வைரஸும் அப்படித்தான். கசப்பு ஆரஞ்சு வேரில் இனிப்பு ஆரஞ்சை ஒட்டியிருந்த பிரேசிலில் அது லட்சக்கணக்கில் மரங்களைச் சாய்த்தது. தலையை மாற்றவில்லை, வேரைத்தான் மாற்றினார்கள்.

கேள்வி: கறிவேப்பிலையும் எலுமிச்சைக் குடும்பம்தானாமே, அதில் ஒட்டலாமா?
(திருச்சி வாசகி)

பதில்: தூரத்துச் சொந்தம், ஒட்டாது. பறவை எச்சம் மாதிரி இலையில் உட்கார்ந்திருக்குமே ஒரு புழு, அது மட்டும் இரண்டு வீட்டிலும் உரிமையோடு சாப்பிடும்.