அப்டேட் போடாத அண்ணன்

ஜொகூர் பாரு சாப்பாட்டுக் கடை ஒன்றில் மூலை மேசை இந்த அண்ணனுடையது. ஒரு கிளாஸ் தே தாரிக், பக்கத்தில் 2003-இல் வந்த நோக்கியா என்-கேஜ். "கேம் மாத்தணும், கொஞ்சம் பொறு தம்பி" என்பார். அந்தக் 'கொஞ்சம்' லேசுப்பட்டதல்ல. போனை அணைத்து, பின்மூடியைக் கழற்றி, பேட்டரியை எடுத்து, கேம் கார்டை மாற்றி, எல்லாவற்றையும் பூட்டி, போனுக்கு உயிர் வரும்வரை காத்திருக்க வேண்டும். அதற்குள் டீயில் ஆடை படிந்துவிடும். நடுவே அழைப்பு வந்தால் அப்பளத்தைக் காதில் செருகுகிறவர்போல் போனின் விளிம்பை வைத்துப் பேசுவார். ஸ்பீக்கரை அங்கேதான் வைத்தது நோக்கியா.

பழசைக் கட்டிக்கொண்டு அழுகிறார் என்று ஊர் சிரிக்கிறது. ஆனால் அந்தக் கடையில் தன் விளையாட்டுக்குத் தானே சொந்தக்காரர் இவர் ஒருவர்தான். 2014 பிப்ரவரியில் ஃபிளாப்பி பேர்ட் என்ற போன் விளையாட்டை அதை உருவாக்கியவரே ஆப் கடையிலிருந்து தூக்கினார். ஏற்கெனவே இறக்கி வைத்திருந்தவர்களுக்கு மட்டும் அது மிஞ்சியது. 2017-இல் ஐபோனுக்கு ஐஓஎஸ் 11 வந்தது. புதுப்பிக்கப்படாத 32 பிட் விளையாட்டுகளெல்லாம், காசு கொடுத்து வாங்கியவை உட்பட, திறக்க மறுத்தன. ஊரே பெருமையோடு அப்டேட் போட்டது. போட்ட கையோடு பறிகொடுத்தது. அண்ணன் போடவில்லை, எதுவும் போகவில்லை. சோம்பல் இப்படி வட்டி தருவது அபூர்வம்.

கணினியில் எமுலேட்டர் இருக்கிறதே என்பார்கள். இருக்கிறது, விளையாட்டு அதில் ஓடும். ஆனால் அகலத்தைவிட உயரம் கூடிய அந்தக் குட்டித் திரையும், எண் பொத்தான்களில் கட்டைவிரல் படும் பாடும் சேர்ந்ததுதான் அந்த விளையாட்டு. குழம்பை மட்டும் பார்சல் வாங்கிவிட்டு ரொட்டி சானாய் சாப்பிட்டேன் என்று சொல்ல முடியுமா? பழைய போனுக்குப் பாதுகாப்பில்லை என்பது இன்னொரு வாதம். நியாயமான வாதம், அதனால்தான் அண்ணனின் வங்கிக் கணக்கு அண்ணியின் போனில் இருக்கிறது.

கடைசி வாதம், போன் என்றால் பேச வேண்டாமா என்பது. 2021 இறுதியில் 3ஜி-யை மூடிய மலேசியா 2ஜி-யை விட்டுவைத்தது. அந்தப் புண்ணியத்தில், 2ஜி மட்டுமே தெரிந்த என்-கேஜ் இங்கே மணியடித்தது. சிங்கப்பூரோ 2017 ஏப்ரலிலேயே 2ஜி-யை மூடிவிட்டது. வேலைக்குப் பாலம் தாண்டினால் அது வெறும் விளையாட்டுச் சாமான். இதை அண்ணன் குறையாகவே எடுத்துக்கொள்வதில்லை. முதலாளி அழைக்க முடியாத இடத்தில் விளையாடுவதைவிட வேறென்ன சுகம்!